வாய்க்குப் பூட்டு, முகத்துக்கு இல்லை: நடிகர் யில்மாஸ் குனே

நீங்கள் கேட்டது இதுதான்: "'யோல்' படம் பார்த்தேன். அதை உருவாக்கிய யில்மாஸ் குனே அதற்கு முன்பே துருக்கியில் பெரிய நடிகர் என்கிறார்கள். குர்து இனத்தவர் என்பதால் குர்தி நாடக மேடையிலிருந்து வந்தவரா? நடிகராக அவரை எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?"

மேடையிலிருந்து வந்தவர் இல்லை. அவர் இளைஞராக இருந்தபோது துருக்கியில் குர்தி மொழியில் வெளிப்படையாக நாடகம் போடும் சூழலே கிடையாது. ஒரு மொழி இருப்பதையே ஒப்புக்கொள்ளாத அரசின் கீழ் அந்த மொழிக்கு ஏது மேடை? குனே வந்தது ஃபிலிம் பெட்டி சுமந்த வழியாக. அவருடைய நடிப்பைப் புரிந்துகொள்ள இந்த இரண்டு செய்திகளையும் சேர்த்தே பிடித்துக்கொள்ள வேண்டும்.

1937-ல் அதனா நகருக்குப் பக்கத்தில் யெனிஜே என்ற கிராமத்தில் பிறந்தார். இயற்பெயர் யில்மாஸ் புத்துன். 'குனே' என்றால் துருக்கியில் தெற்கு. சினிமாவுக்காக அவரே வைத்துக்கொண்ட பெயர். அப்பாவின் ஊர் உர்ஃபா பக்கம் சிவெரெக், ஸாஸா மொழி பேசும் குர்து. அம்மா மூஷ் பகுதிக் குர்து. இருவரும் பிழைப்புக்காக சுக்குரோவா சமவெளிக்கு வந்து சேர்ந்தவர்கள். பருத்திக்காடு அது. அறுவடைக் காலத்தில் கிழக்கிலிருந்து குடும்பம் குடும்பமாகக் கூலிகள் வந்து கூடாரம் அடிக்கும் பூமி. குனேயும் சின்ன வயதில் அந்தக் காடுகளில் வேலை செய்தவர்தான்.

கடைசிக் காலத்தில் கிறிஸ் குச்செரா என்ற பிரெஞ்சுப் பத்திரிகையாளருக்குக் கொடுத்த பேட்டியில், பதினைந்து வயதுவரை வீட்டில் குர்தி பேசியதாகச் சொன்னார். வெளியே 'குர்து என்று யாரும் இல்லை, குர்தி என்று ஒரு மொழியும் இல்லை' என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அவர் காதிலோ ஆட்கள் அந்த மொழியில் பேசுவதும் பாடுவதும் விழுந்துகொண்டிருந்தது. அப்பாவின் ஊரை முதன்முதலில் பார்த்தபோது அவருக்கு வயது பதினாறு. தான் யார் என்பது அப்போதுதான் உறைத்தது என்றார். தன்னை 'கரைக்கப்பட்ட குர்து' என்றே அவர் சொல்லிக்கொண்டதில் ஒளிவுமறைவு எதுவும் இல்லை.

அதனாவில் படித்துக்கொண்டே படவிநியோக நிறுவனங்களில் வேலை பார்த்தார். படப்பெட்டியைக் கொட்டகை கொட்டகையாகக் கொண்டுபோய்ச் சேர்க்கும் வேலை. இதைச் சாதாரணமாக நினைக்காதீர்கள். எந்த ஊரில் எந்தப் படம் ஓடுகிறது, எந்தக் காட்சியில் கீழ் வகுப்புக் கூட்டம் எழுந்து உட்காருகிறது என்பதெல்லாம் பெட்டியோடு போகிறவனுக்குத்தான் முதலில் தெரியும். பிறகு இஸ்தான்புல்லுக்குப் பொருளாதாரம் படிக்கப் போனார். நாவலாசிரியர் யஷார் கெமால் வழியாக இயக்குநர் அத்தெஃப் யில்மாஸிடம் சேர்ந்து, 1959-ல் வந்த அவருடைய படங்களில் எழுத்திலும் உதவி, நடிப்பிலும் சிறு வேடம் என்று தொடங்கினார்.

தொடங்கிய வேகத்திலேயே ஜெயில். ஐம்பதுகளில் எழுதிய ஒரு சிறுகதையில் கம்யூனிசப் பிரச்சாரம் இருக்கிறது என்று வழக்கு. 1961-ல் உள்ளே போனார். ஒன்றரை ஆண்டுச் சிறை, அதற்குமேல் கொன்யாவில் ஆறு மாதம் கட்டாயவாசம். சிறையில் அவர் எழுதிய நாவல் பத்தாண்டு கழித்து வெளியாகி, 1972-ல் ஓர்ஹான் கெமால் பெயரிலான நாவல் பரிசைப் பெற்றது. 1963-ல் வெளியே வந்தவருக்கு எழுத்தாளர் என்ற பெயர் சோறு போடாது. நடிக்க இறங்கினார்.

அன்றைய துருக்கி சினிமா எப்படி நடந்தது என்று கொஞ்சம் சொல்லியாக வேண்டும். இஸ்தான்புல்லின் பெயோக்லு பகுதியில் ஒரு தெருவின் பெயர் யெஷில்சாம். தயாரிப்பாளர்களின் அலுவலகங்கள் அங்கே இருந்ததால் தொழிலுக்கே அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. அறுபதுகளின் நடுவில் ஆண்டுக்கு இருநூறுக்கு மேல் படம். தயாரிப்பாளரிடம் கைப்பணம் இருக்காது. அதனா, இஸ்மிர், சாம்சுன் என்று ஏரியா ஏரியாவாக இருந்த விநியோகஸ்தர்கள்தான் முன்பணமோ கடன் பத்திரமோ கொடுப்பார்கள். கொடுக்கும்போதே 'இன்ன நடிகரைப் போடு' என்று சொல்லிவிடுவார்கள். குனேயைத் தூக்கிவிட்டது இஸ்தான்புல் விமர்சகர்கள் இல்லை. அதனா ஏரியாவும் துருக்கியின் ஆசியப் பகுதியான அனத்தோலியாவின் சின்ன ஊர்க் கொட்டகைகளும்தான்.

இன்னொரு விஷயம். அந்தப் படங்களைப் படப்பிடிப்பில் ஒலியோடு எடுப்பதில்லை. படம் முடிந்தபின் ஸ்டூடியோவில் குரல் சேர்ப்பார்கள். நட்சத்திரத்துக்கு வேறொருவர் குரல் கொடுப்பது அன்றாட வழக்கம். ஆக, நடிகனிடம் நிச்சயமாகச் சொந்தமாக இருந்தது முகமும் உடம்பும் மட்டுமே. குனேயின் நடிப்பு முழுக்க ஏன் கண்ணிலும் தோளிலும் நடையிலும் குடிகொண்டிருந்தது என்று யோசிக்கும்போதெல்லாம் எனக்கு இந்த நடைமுறைதான் ஞாபகம் வருகிறது.

அப்போதைய கதாநாயகர்கள் அய்ஹான் இஷிக், கோக்செல் அர்சோய், எதிஸ் ஹுன். மூவருமே போஸ்டரில் பார்த்தாலே அழகர்கள், நகரத்து முகங்கள். அந்த வரிசையில் வந்து நின்றார் இவர். ஒடிசலான உடம்பு, ஒட்டிய கன்னம், வெயிலில் கறுத்த தோல், மீசை, உள்ளே இடுங்கிய கண். பருத்திக்காட்டில் நூறு பேர் நடுவில் நிறுத்தினால் தனியாகத் தெரியாத முகம். அந்த நூறு பேரும் டிக்கெட் எடுத்தார்கள். 'சிர்கின் கிரால்', அதாவது 'அவலட்சண ராஜா' என்ற பட்டப்பெயர் அப்படித்தான் நிலைத்தது. 1966-ல் அதே தலைப்பில் படமும் வந்தது. வருஷத்துக்கு இருபதையொட்டிக்கூட நடித்தார். மொத்தம் நூறைத் தாண்டும்.

அந்த நூறில் பெரும்பாலானவை துப்பாக்கிப் படங்கள். அடி, சுடு, பழிவாங்கு. இதை மறைத்து அவரை முதல்நாளிலிருந்தே மகா கலைஞர் என்று எழுதுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. அவசரமாக எடுத்து அவசரமாகக் காசு பார்த்த படங்கள் அவை. ஆனால் அவற்றுக்குள்ளும் ஒன்றைக் கவனிக்கலாம்: அவர் மெதுவாக இருப்பார். மற்றவர்கள் கையை வீசிக் கத்தும்போது இவர் தலையைக் கொஞ்சம் குனிந்து, கீழிருந்து மேலே பார்ப்பார். கூலிக்காரன் முதலாளியைப் பார்க்கும் பார்வை அது. பயமும் இருக்கும், 'பார்த்துக்கொள்கிறேன்' என்பதும் இருக்கும். சண்டைக்காட்சியை விட்டுவிட்டு அதற்கு முந்தைய அரை நிமிஷத்தைப் பாருங்கள்.

அந்தப் பார்வைக்குச் சரியான கதை கிடைத்தது 1966-ல். லுத்ஃபி அகாத் இயக்கிய 'எல்லைகளின் சட்டம்'. மூலக்கதை குனேயுடையதே. சிரியா எல்லையோரக் கிராமம். நிலம் விளையாது. வேலிக்கு அப்பால் ஆட்டுமந்தையைக் கடத்திக்கொண்டு போவதுதான் பிழைப்பு. நடுவில் கண்ணிவெடி புதைத்த நிலம். ஹிதிர் என்ற கடத்தல்காரனாக குனே. மகன் கடத்தலுக்குப் போகக்கூடாது, பள்ளிக்கூடம் போக வேண்டும் என்பது அவன் ஆசை. ஊருக்கு ஓர் ஆசிரியை வருகிறார், நேர்மையான ராணுவ அதிகாரி ஒருவரும் வருகிறார். வழி பிறக்கும்போல் தோன்றுகிறது, பிறப்பதில்லை. இந்தப் படத்தில் குனே வசனத்தை ஏறக்குறையக் கைகழுவிவிட்டார். அதிகாரியின் முன்னால் நிற்கும்போது அவர் உடம்பு விறைப்பதும் இல்லை, வளைவதும் இல்லை. கைதேர்ந்த அகாத் போன்ற ஒருவர் 'குறைத்துச் செய்' என்று பிடித்து நிறுத்தியது அவருக்கு வாழ்நாள் பாடமாக அமைந்தது என்று நினைக்கிறேன். 1967 அந்தால்யா திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் பரிசு இதற்காகத்தான் கிடைத்தது.

அந்தக் கதையில் ஒருவர்கூட 'குர்து' என்ற சொல்லை உச்சரிக்க மாட்டார். சிரியா எல்லையோரம், ஆடு, கண்ணிவெடி, அந்த உடை, அந்த முகங்கள். பார்க்கிறவர்களுக்குத் தெரியாமல் போகுமா? சொல்லாமல் தெரியவைப்பதுதான் அவருடைய நடிப்பின் வேலையாகவே ஆகிவிட்டது.

1968-ல் சொந்தமாகக் கம்பெனி தொடங்கினார், 'செய்யித் ஹான்' எடுத்தார். ராணுவக் கட்டாய சேவை முடிந்து வந்ததும் 1970-ல் எடுத்தது 'உமுத்', அதாவது 'நம்பிக்கை'. எழுத்து, இயக்கம், நடிப்பு மூன்றும் அவரே. நடிகராக அவருடைய உச்சம் இதுதான் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

அதனாவில் ஜப்பார் என்ற குதிரை வண்டிக்காரன். மனைவி, ஐந்து பிள்ளை, வயதான அம்மா. விடிகாலையில் ரயில் நிலைய வாசலில் வண்டிகள் வரிசையாக நிற்கும். ரயிலிலிருந்து இறங்குகிறவர்கள் டாக்ஸிக்குப் போய்விடுவார்கள். ஜப்பார் பாக்கெட்டில் லாட்டரிச் சீட்டு. முடிவு பார்த்துச் சொல்லச் சொல்லிக் கேட்டுவிட்டு அவர் நிற்கும் நிற்பைப் பாருங்கள். பரிசு இல்லை என்று கேட்டதும் முகம் வாடுவதில்லை. வாடுவதற்கு முன்பு மலர்ந்திருந்தால்தானே? தினமும் கேட்டுப் பழகிய பதில். சீட்டை மட்டும் கை மெதுவாக விடுகிறது.

கார் ஒன்று மோதிக் குதிரை சாகிறது. போலீஸ் ஸ்டேஷனில் கார்க்காரர் உட்கார்ந்திருக்க, குற்றம் ஜப்பார் தலையில் விழுகிறது. கடன்காரர்கள் மீதிக் குதிரையையும் வண்டியையும் கொண்டுபோகிறார்கள். வண்டிக்காரர்கள் கூடி ஊர்வலம் போகிறார்கள். அவன் அதிலும் மனம் ஒட்டாமல் நிற்கிறான். நண்பன் ஹசன் (துன்ஜெல் குர்திஸ் அபாரமாகச் செய்திருப்பார்) புதையல் பேச்சை எடுக்கிறான். ஹோஜா எனப்படும் மதகுரு ஒருவரைக் கூட்டிக்கொண்டு ஆற்றங்கரையில் பட்டமரத்தடியைத் தோண்டுகிறார்கள். நாள் கணக்காகத் தோண்டுகிறார்கள். கடைசிக் காட்சியில் கண்ணைத் துணியால் கட்டிக்கொண்டு, கைகளை விரித்தபடி, தோண்டிய பள்ளத்தைச் சுற்றிச் சுற்றி வருகிறான் ஜப்பார்.

இதில் குனே செய்ததைக் கவனியுங்கள். தன்னுடைய மிகப் பெரிய ஆயுதமான கண்ணைக் கட்டிவிட்டார். மீதி இருப்பது வாய், கை, கால். அந்தக் கால்கள் முதலில் தடுமாறுகின்றன, அப்புறம் ஒரு தாளத்துக்கு வந்துவிடுகின்றன. மனிதன் புத்தி கழன்றுபோகும் தாளம். நூறு படத்தில் எதிரியை வீழ்த்திய ராஜா, குழிவிளிம்பில் கண்கட்டிச் சுற்றுகிறான். தன் நட்சத்திரப் பிம்பத்தைத் தானே இப்படிக் குப்புறத் தள்ளிய நடிகர்கள் மிகக் குறைவு.

தணிக்கைக் குழு படத்தைத் தடைசெய்தது. பிரதியைக் கள்ளத்தனமாக வெளிநாட்டுக்கு அனுப்ப வேண்டியிருந்தது. அதே ஆண்டு அதனா விழாவில் சிறந்த படமாகப் பரிசும் வாங்கியது. அடுத்த ஆண்டு, 1971-ல் மட்டும் அவர் இயக்கி நடித்த படங்கள் பல. அவற்றில் 'ஆயித்' என்ற படத்தை விட்டுவிடாதீர்கள். ஒப்பாரி என்று பொருள். மலையிலிருந்து பாறைகள் உருண்டு விழுந்துகொண்டே இருக்கும் ஊரில் திரியும் கடத்தல்காரர்களின் கதை. அந்தக் கல் உருளும் சத்தம் படம் முடிந்தபின்னும் காதில் கிடக்கும்.

1972-ல் தேடப்பட்டுவந்த இடதுசாரி மாணவர்களுக்கு அடைக்கலம் கொடுத்தார் என்று மறுபடி கைது. 1974 பொதுமன்னிப்பில் விடுதலை. உடனே 'ஆர்கதாஷ்' (தோழன்) எடுத்து நடித்தார். கடற்கரை உல்லாசக் குடியிருப்பில் வசதியாக வாழும் பழைய நண்பனைப் பார்க்கப் போகும் இன்ஜினீயர் வேடம். துப்பாக்கி இல்லாத, அமைதியான குனே.

அந்த ஆண்டு செப்டம்பரில், பருத்திக் கூலிகளைப் பற்றிய 'என்திஷே' படப்பிடிப்புக்காக அதனா பக்கம் யுமுர்தாலிக்கில் இருந்தபோது, உணவு விடுதியில் நடந்த தகராறில் அந்த ஊர் நீதிபதி சுட்டுக் கொல்லப்பட்டார். குனே கொலைக் குற்றவாளி என்று தீர்ப்பாகி, பத்தொன்பது ஆண்டுச் சிறைத் தண்டனை விழுந்தது. தான் சுடவில்லை என்றார். உறவுக்காரப் பையன் ஒருவன் பொறுப்பேற்க முன்வந்தான். நீதிமன்றம் ஏற்கவில்லை. அவருடைய ரசிகர்கள் இந்த இடத்தை ஒரு வரியில் தாண்டிப் போவது வழக்கம். நான் தாண்ட மாட்டேன். ஒரு மனிதர் செத்தார். திரையில் துப்பாக்கியை விளையாட்டாகப் பிடித்துப் பழகிய கை, வாழ்க்கையிலும் துப்பாக்கியை இடுப்பில் வைத்திருந்தது. அவர் அரசியலால் சிறைப்பட்டது உண்மை. இந்த வழக்கு அந்தக் கணக்கில் சேராது.

நடிகரின் வாழ்க்கை அங்கேயே முடிந்தது. முப்பத்தேழு வயது. 'என்திஷே'யை ஷெரீஃப் கோரென் எடுத்து முடித்தார். குனே ஏற்கவேண்டிய வேடத்தை எர்கான் யுஜெல் என்ற மேடை நடிகர் ஏற்றார். அதன்பிறகு குனே எந்தப் பாத்திரத்தையும் முழுதாக நடிக்கவில்லை. மற்றவர்கள் முகங்களுக்கு எழுதினார். சிறையில் உட்கார்ந்து ஷாட் ஷாட்டாகத் திரைக்கதை எழுதி வெளியே அனுப்புவார், நண்பர்கள் படமாக்குவார்கள். 'சுரு' (மந்தை) 1978-ல், ஸெக்கி ஓக்தென் இயக்கம்; அடுத்த ஆண்டு லொகார்னோ திரைப்பட விழாவில் தங்கச் சிறுத்தைப் பரிசு. 'யோல்' ஷெரீஃப் கோரென் இயக்கம். 1981 அக்டோபரில் சிறை விடுப்பில் வெளியே வந்தவர் திரும்பிப் போகவில்லை. நாட்டைவிட்டுத் தப்பி, சுவிட்சர்லாந்தில் உட்கார்ந்து 'யோல்' படத்தொகுப்பை முடித்தார். விடுப்பில் ஊருக்குப் போகும் கைதிகளின் கதை அது என்பதை நீங்களே பார்த்திருக்கிறீர்கள். 1982 கான் விழாவில் இயக்குநர் கோஸ்தா கவ்ராஸின் படத்தோடு உச்சப் பரிசான தங்கப் பனையைப் பகிர்ந்துகொண்டது. மறு ஆண்டு துருக்கி அவருடைய குடியுரிமையைப் பறித்தது. பிரான்சில் 'துவார்' என்ற ஒரு படம் எடுத்தார், பாரிஸில் குர்து கலாச்சார நிலையம் அமைவதில் பங்கெடுத்தார். 1984 செப்டம்பர் 9-ல் வயிற்றுப் புற்றுநோயால் இறந்து, பெர் லஷேஸ் கல்லறையில் அடக்கமானார். வயது நாற்பத்தேழு. 'யோல்' துருக்கிக் கொட்டகைகளுக்கு வந்தது 1999-ல்.

1980 ராணுவப் புரட்சிக்குப் பிறகு அவர் படங்களின் பிரதிகளைத் தேடித் தேடி அழித்தார்கள். 'எல்லைகளின் சட்டம்' படத்தில் தப்பியது ஒரே ஒரு பிரதி. அதை வைத்துத்தான் 2011-ல் சீரமைத்தார்கள். இன்று அதில் தெரியும் கீறல்களும் தாவல்களும் அந்த அழிப்பின் தழும்புகள்.

இனி நீங்கள் கேட்ட மேடை. 1983-ல் துருக்கி 2932 எண் சட்டத்தைக் கொண்டுவந்தது. குர்தி என்று பெயர் சொல்லாமலேயே அந்த மொழியில் எழுதுவதையும் பரப்புவதையும் தடுத்த சட்டம். 1991-ல் அது நீங்கியது. அதே ஆண்டு இஸ்தான்புல்லில் மெசொப்பொத்தாமியா கலாச்சார மையம் தொடங்கியது. அதிலிருந்து வந்ததுதான் 'தியாத்ரா ஜியானா நூ', புது வாழ்வு நாடகக் குழு. குர்தியில் வசனம் பேசி நடிக்கும் ஒரு தலைமுறை அங்கே உருவானது. அந்த மையத்து மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர் நஸ்மி கிரிக். யெஷிம் உஸ்தாவ்லு இயக்கி 1999 பெர்லின் விழாவில் போட்டியிட்ட 'சூரியனை நோக்கிப் பயணம்' படத்தில், இஸ்தான்புல் தெருவில் பாட்டுக் கேசட் விற்கும் பெர்ஸான் அவர்தான். அதில் கறுப்பாக இருப்பதாலேயே குர்து என்று சந்தேகிக்கப்படும் மெஹ்மெத் என்ற துருக்கிய இளைஞன் தலைமுடிக்கு மஞ்சள் சாயம் அடித்துக்கொள்வான். முப்பது வருஷத்துக்கு முன் குனேயின் முகத்தை ராஜாவாக்கிய அதே கறுப்பு, இங்கே அவன் வீட்டு வாசல் கதவில் சிவப்புக் குறி போட வைக்கிறது.

சட்டம் போனதும் எல்லாம் சரியாகிவிடவில்லை. 2020 அக்டோபரில் அதே ஜியானா நூ குழு, இத்தாலிய நாடகாசிரியர் தாரியோ ஃபோவின் நாடகத்தை 'பேரூ' என்று குர்தியில் ஆக்கி, இஸ்தான்புல் நகராட்சி நாடக அரங்கில் போட ஏற்பாடாகியிருந்தது. நூற்றாண்டு கடந்த அந்த நிறுவனத்தின் மேடையில் முதல் குர்தி நாடகம். திரை உயரச் சில மணி நேரத்துக்கு முன் தடை உத்தரவு வந்தது. ஒப்பனைக்கு உட்கார வேண்டிய நேரத்தில் நடிகர்கள் வாசலில் நின்றார்கள்.

கடைசியாக, எதிலிருந்து தொடங்குவது. 'உமுத்' முதலில். இரண்டாவது 'எல்லைகளின் சட்டம்'. பிரதி மோசமாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். மூன்றாவது 'ஆயித்'. நேரம் இருந்தால் 1966 வாக்கில் வந்த துப்பாக்கிப் படம் ஏதாவது ஒன்று, பிம்பம் எங்கிருந்து புறப்பட்டது என்று தெரிந்துகொள்ள.

நான்காவதாக 'சுரு'. அதில் குனே நடிக்கவில்லை, இருந்தாலும் பட்டியலில் வைக்கிறேன். தன் அம்மாவின் குலத்துக்கு நேர்ந்ததுதான் அந்தக் கதை என்று அவர் சொல்லியிருக்கிறார். ஆட்டுமந்தையை ரயிலேற்றி அங்காராவுக்கு விற்கக் கொண்டுபோகும் குடும்பம். பாத்திரங்களின் பெயர் ஷிவான், பெரிவான், ஹமோ. எல்லாம் குர்துப் பெயர்கள். பேசுவதோ துருக்கி. குர்தியில் பேசவைத்திருந்தால் படத்தில் வேலை செய்த அத்தனை பேரும் சிறைக்குப் போயிருப்பார்கள் என்று பிற்பாடு விளக்கினார். மெலிகே தெமிராக் நடித்த பெரிவான் பிள்ளைகளைப் பறிகொடுத்து, நோயாளியாகி, வாய் பேசாமல் போனவள். புருஷன் கெஞ்சுகிறான், மாமனார் திட்டுகிறார், ரயிலில் ஆடுகள் ஒவ்வொன்றாகச் சாகின்றன, அங்காராவின் கட்டடங்கள் வருகின்றன. அவள் பார்த்துக்கொண்டே இருக்கிறாள். தலை லேசாகக் குனிந்து, கண் மட்டும் மேலே. அந்தப் பார்வையை நீங்கள் ஹிதிரிடமும் ஜப்பாரிடமும் பார்த்திருப்பீர்கள்.